வேன் வராத லீவு

எங்கள் கடையில் நோய் வருவது சுலபம். அதற்கு லீவு கேட்பதும் அப்படியொன்றும் கஷ்டமில்லை. எடுத்த லீவில் வீட்டில் நிம்மதியாகப் படுத்திருப்பதுதான் பெரும்பாடு. ஏனென்றால் அன்று பின்னேரம் கடை பூட்டியதும் வேன் வந்துவிடும்.

கண்டி மார்க்கட்டுக்குக் கிட்ட ஒரு தெருவில் இருக்கிற புடவைக்கடை அது. நான் அங்கே கணக்கெழுதுகிறேன். முதலாளியை நாங்கள் எல்லாரும் ஹாஜியார் என்றுதான் சொல்வோம். அலவத்துகொடயிலிருந்து தினமும் தானே வேனை ஓட்டிக்கொண்டு வருகிறவர். நல்ல மனிதர். பிரச்சினையே அதுதான். கெட்ட முதலாளியாக இருந்தால் தொழில் திணைக்களக் கந்தோரில் ஒரு முறைப்பாடு எழுதிக் கொடுத்துவிட்டு வரலாம். நோயாளியைப் பார்க்கப் போவது தன் கடமை என்று நம்பி, முழங்கால் வலியோடு மலை ஏறி வருகிறவரைப் பற்றி எந்தக் கந்தோரில் போய் முறையிடுவது?

வேனில் ஹாஜியார் மட்டும் வரமாட்டார். பக்கத்து ஆசனத்தில் ராத்தா இருப்பார். ராத்தா என்றால் முஸ்லிம் வீடுகளில் அக்கா. மடவளையிலிருந்து பஸ்ஸில் வந்து, துணி வெட்டுகிற மேசைக்குப் பொறுப்பாக நிற்கிற இவரை, கடையில் உள்ள சிங்களப் பிள்ளைகளும் ராத்தா என்றுதான் கூப்பிடுவார்கள். பின் ஆசனங்களில் அன்று யார் யாருக்கு வீட்டுக்குப் போக அவசரமில்லையோ அவர்கள் எல்லாரும் இருப்பார்கள். கையில் ஒரு பை. தோடம்பழம், மாரி பிஸ்கட், ஒரு டின் மோல்ட் பால்மா. காய்ச்சலில் கிடக்கிறவர் எழுந்து சேர்ட்டைப் போட்டுக்கொண்டு, கதிரைகளைத் தூசு தட்டி, ஏழெட்டுப் பேருக்குத் தேத்தண்ணி ஊற்றச் சொல்லி மனைவியை விரட்ட வேண்டும். வேன் போன பிறகு காய்ச்சல் கூடும்.

சேர்ட் பகுதியில் ஒரு சேல்ஸ்மன் நிற்கிறான். வாய்க்காரன். ஒருமுறை பாடசாலைக் கிரிக்கெட் மேட்ச் ஒன்றைப் பார்ப்பதற்காக, வயிற்றோட்டம் என்று சொல்லி லீவு போட்டான். பின்னேரம் வேன் அவன் வீட்டு வாசலில் நின்றது. மேட்ச் முடிந்து அப்போதுதான் பின்கதவால் வந்தவன், காலில் இருந்த சப்பாத்தைக் கூடக் கழற்றாமல் கட்டிலில் விழுந்து போர்வையை இழுத்துக்கொண்டான். ராத்தா அவன் முகத்தை உற்றுப் பார்த்தார்.

"வயித்தோட்டம் எண்டா மொகம் வெளுக்கும். இவனுக்கு நல்லாக் கறுத்தீக்கிது" என்றார்.

ஹாஜியார் கதிரையை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, கைகளை ஏந்தி, அவன் சுகத்துக்காக நீளமாக துஆ ஓதினார். ஓதி முடித்துப் பையை மேசையில் வைத்தார். அவனுடைய அம்மா பையைத் திறந்தார். உள்ளே சீனியும் தேயிலையும் இருந்தன.

எங்கள் பக்கத்தில் நோயாளியைப் பார்க்கப் போனால் தோடம்பழம். செத்த வீட்டுக்குப் போனால்தான் சீனியும் தேயிலையும். வருகிற சனத்துக்கெல்லாம் விடிய விடியத் தேத்தண்ணி ஊற்ற வேண்டுமே, அதற்காக. அன்று வேறொரு செத்த வீட்டுக்கென்று வாங்கி வைத்திருந்த பை அவசரத்தில் மாறிப்போயிருந்தது. அந்த அம்மா நெஞ்சில் கையை வைத்துக்கொண்டு நிற்க, சேல்ஸ்மன் போர்வையை உதறிவிட்டு எழுந்தே விட்டான்.

"எனக்குச் சரியாப் போச்சு ஹாஜியார். நாளைக்கு நேரத்தோட வந்துர்றேன்" என்றான்.

அதற்குப் பிறகு எங்கள் கடையில் யாரும் பொய் லீவு எடுத்ததில்லை. ஹாஜியாரும் அதற்குப் பிறகு பையை எவரிடமும் விடுவதில்லை. தானே வாங்கி, தானே கட்டி, வேனில் ஏறுமுன் ஒருமுறை திறந்தும் பார்த்துக்கொள்வார்.

இந்த வேனோடு எனக்குக் கொள்கைப் பகை. கணக்கெழுதுகிறவள் என்பதால் லீவுக் கணக்கும் என் தலையில்தான். ஆகவே கடைச் சட்டம் என்ன சொல்கிறதென்று தேடிப் படித்து வைத்திருந்தேன். கடையிலும் கந்தோரிலும் வேலை செய்கிறவர்களுக்கு வருஷ லீவு உண்டு. சொந்த வேலைக்கும் நோய்க்கும் சேர்த்து கெஷுவல் லீவு உண்டு. நோய்க்கென்று தனியாக ஒன்றும் இல்லை. சாவுக்கென்று அறவே இல்லை. சட்டம் எழுதியவர்களின் வீட்டில் ஒருவரும் சாகவில்லை போலிருக்கிறது. சரி, இருப்பது கொஞ்சமானாலும் உரிமை உரிமைதானே. முதலாளிக்குப் பிடித்தாலும் பிடிக்காவிட்டாலும் எனக்குச் சேர வேண்டிய நாள் அது. அந்த நாளில் நான் நிமிர்ந்து படுக்கிறேனா குப்புறப் படுக்கிறேனா என்று பார்க்க எதற்கு ஒரு வேன்?

ஒருநாள் மத்தியானம் சனம் குறைவாக இருந்த நேரம், ஹாஜியாரிடம் நேராகவே கேட்டுவிட்டேன்.

"ஹாஜியார், லீவுங்கிறது எங்க உரிமை. நீங்க வீடு தேடி வந்து பாக்கிறது, நாங்க பொய் சொல்றோமான்னு சோதிக்கிற மாதிரி இருக்குங்க."

அவர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார். கோபம் வந்தால் கழற்றுவார், சிரிப்பு வந்தாலும் கழற்றுவார். எது என்று நாம்தான் கண்டுபிடிக்க வேண்டும்.

"அப்பிடியா மகள்? லீவு ஒங்கட உரிம. அதுல நான் கை வெக்கல்லயே. சொகமில்லாத ஆளப் போய்ப் பாக்கிறது என்ட கடம. அதுல நீங்க கை வெக்காதீங்க."

கடை முழுக்கச் சிரித்தது. சேல்ஸ்மன்தான் அதிகமாகச் சிரித்தான். அன்றிலிருந்து எனக்கு லோயர், அதாவது வக்கீல், என்று பட்டம் வைத்துவிட்டார்கள். எனக்குப் பதில் சொல்லத் தெரியாமல் இல்லை. பதில் வீட்டுக்குப் போகிற பஸ்ஸில்தான் வந்தது. எனக்கு எப்போதும் அப்படித்தான்.

சாவு லீவு விஷயத்தில் மட்டும் ஹாஜியார் சட்டத்தை விடப் பெரிய மனசுக்காரர் என்பதை நான் ஒத்துக்கொள்ள வேண்டும். கடையில் மூன்று விதமான ஆட்கள் வேலை செய்கிறோம், மூன்று விதமாகச் சாகிறோம். முஸ்லிம் வீட்டில் காலையில் இறந்தால் பின்னேரத் தொழுகையோடு அடக்கம் முடிந்துவிடும். சிங்கள வீட்டில் வெளிநாட்டில் இருக்கிற மகன் வந்து சேரும்வரை உடல் காத்திருக்கும், பிறகு ஏழாம் நாள் தானம் இருக்கும். எங்கள் மலையகத் தமிழ் வீடுகளில் பதினாறாம் நாள் கருமாதி. வேறு கடைகளில் செத்த நாளிலிருந்து ஒன்றிரண்டு நாள் என்று கணக்காகக் கொடுத்து முடித்துவிடுவார்கள். கருமாதி அன்று வேலைக்கு வராவிட்டால் சம்பளம் வெட்டு.

ஹாஜியார் முணுமுணுப்பார். "எங்கட ஆக்கள்ட மௌத்து ஒரு பின்னேரத்தோட முடிஞ்சிடும். ஒங்கட ஆக்கள்ட மௌத்து இழுத்துக்கிட்டே போகுது" என்பார். மௌத்து என்றால் சாவு. முணுமுணுத்துக்கொண்டே கொடுப்பார். நாங்கள் வாய் திறந்து கேட்பதற்கு முன்னால் அவரே கேட்டுவிடுவார்: "கருமாதி எப்ப?" என் அப்பா தேயிலைத் தோட்டத்தில் இறந்தபோதும் கேட்டார். கருமாதி அன்று அந்த மலைப் பாதையில் வேனை ஏற்றிக்கொண்டு, சீனி தேயிலைப் பையோடு வந்து எங்கள் லயத்து வீட்டு வாசலில் நின்றார். அன்றைக்கு நான் கொள்கையைக் கொஞ்சம் ஒதுக்கி வைத்திருந்தேன்.

என் வீட்டுக்காரர் குட்ஷெட் பஸ் நிலையத்துக்குப் பக்கத்தில் த்ரீவீல் ஓட்டுகிறார். அவருக்கு லீவு கொடுக்க ஆளில்லை. தன்னிடமே லீவு கேட்டு, தானே முடியாது என்று சொல்லிவிட்டு ஓட்டப் போகிறவர். கலியாணம் கட்டிப் பல வருஷங்களாக எங்களுக்குப் பிள்ளை இல்லை. கோயில், டாக்டர், மறுபடி கோயில் என்று சுற்றிக் களைத்துப்போய், சரி விட்டுவிடுவோம் என்று இருந்த சமயத்தில் எனக்கு உண்டானது.

மூன்று மாதம் முடியும்வரை ஒருவரிடமும் மூச்சு விடக்கூடாது என்றார் அம்மா. எனக்கோ வாய் துடிக்கும். கடையில் கணக்கெழுதும்போது தானாகச் சிரித்துக்கொள்வேன். ஆறுதலுக்கு, பிரசவ லீவைப் பற்றிய சட்டத்தை எடுத்துப் படித்தேன். திரும்பத் திரும்பப் படித்து மனப்பாடமே ஆகிவிட்டது. அந்த லீவு கேட்கும் நாளில் ஹாஜியாரோடு என்னென்ன வாதாடலாம், அவர் என்ன சொன்னால் நான் என்ன சொல்வது என்று வசனம்கூடத் தயார் செய்து வைத்திருந்தேன். இந்த முறை பதில் பஸ்ஸில் வரக்கூடாது என்பதில் உறுதியாக இருந்தேன்.

மூன்று மாதம் முடிவதற்குள் கலைந்துவிட்டது.

ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்குத் த்ரீவீலில்தான் வந்தோம். வீட்டுக்காரர் அவ்வளவு மெதுவாக ஓட்டி நான் பார்த்ததேயில்லை. பின்னால் வந்த பஸ்காரர்கள் ஹோர்ன் அடித்துத் தள்ளினார்கள். அவர் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. எனக்கு அழுகை வரவில்லை. கோபம்தான் வந்தது. ஹோர்ன் அடித்தவர்கள் மேல், மழை மேல், ரோட்டில் கிடந்த குழிகள் மேல், மனப்பாடம் செய்து வைத்த சட்டத்தின் மேல்.

டாக்டர் மெடிக்கல் சேர்ட்டிபிகேட் தந்திருந்தார். நல்லா ரெஸ்ட் எடுக்க வேண்டும் என்று சொல்லியிருந்தார். லீவு பற்றிப் பயமில்லை. பயமெல்லாம் வேனைப் பற்றித்தான். கடைக்கு ஃபோன் எடுத்து ஒரு காரணம் சொல்லியாக வேண்டும். உண்மையைச் சொன்னால் கடை முழுக்கத் தெரியும். இருந்ததே தெரியாதவர்களுக்கு, இல்லாமல் போனதை எப்படிச் சொல்வது? காய்ச்சல் என்றால் வேன் வரும். டெங்கு என்றால் பப்பாசி இலைச் சாற்றோடு வேன் வரும். ராத்தா என் கையைப் பிடித்துக்கொள்வார். ஹாஜியார் கதிரையில் உட்கார்ந்து கைகளை ஏந்துவார். அப்படி நடந்தால் நான் அத்தனை பேருக்கும் முன்னால் உடைந்துபோவேன் என்று எனக்குத் தெரியும். எனக்கு வேண்டியது ஒன்றே ஒன்று. யாரும் வராமல், யாரும் கேட்காமல், சுவரைப் பார்த்துப் படுத்திருக்க வேண்டும்.

அப்போதுதான் அந்த யோசனை வந்தது. அம்மை.

எங்கள் ஆட்களின் வீட்டில் அம்மை போட்டால் வாசலில் வேப்பிலை கட்டிவிடுவோம். வெளியாள் உள்ளே வரக்கூடாது. நோய் இறங்கித் தலைக்குத் தண்ணீர் வார்க்கும்வரை வீட்டில் எண்ணெய்ச் சட்டி ஏறாது, தாளிப்பு இல்லை, மீன் கருவாடு இல்லை. மாரியம்மா வந்து தங்கியிருக்கிற வீடு அது. ஒருமுறை எங்கள் கடைப் பொதி கட்டுகிறவருக்கு அம்மை போட்டபோது, அவர் வாசலில் வேப்பிலையைப் பார்த்ததும் வேன் ரோட்டோடு திரும்பிவிட்டது. அவர் ஒருவர்தான் எங்கள் கடை வரலாற்றில் தோடம்பழம் கிடைக்காத நோயாளி. ஃபோனை எடுத்தேன்.

"ஹாஜியார், எனக்கு அம்மை போட்டிருக்குங்க."

"யா அல்லாஹ். மொகத்திலயுமா?"

"எல்லா எடத்திலயும்."

"சரி சரி. நல்லா ரெஸ்ட் எடுங்க மகள். கடைய யோசிக்க வேணாம். தண்ணி வாத்த பொறகு வந்தாப் போதும்."

தண்ணீர் வார்ப்பது வரை அவருக்குத் தெரிந்திருந்தது. எனக்குச் சற்று லேசாக இருந்தது. தோட்டத்திலிருந்து என்னைப் பார்த்துக்கொள்ள வந்திருந்த அம்மாதான் வாயைப் பொத்திக்கொண்டு நின்றார்.

"அடிப்பாவி. ஆத்தா பேரச் சொல்லி யாராச்சும் பொய் சொல்லுவாங்களா? ஆத்தா கோவிச்சுக்கும் புள்ள."

"கோவிச்சுக்கட்டும்மா. இனி எடுக்குறதுக்கு என்னா இருக்கு?" என்றேன்.

அம்மா குசினிக்குள் போய்விட்டார்.

ராத்தா அடுத்த நாள் ஃபோன் எடுத்தார். கடையில் எல்லாருக்கும் உடம்பு அரிக்கிறதாம். சேல்ஸ்மன் கண்ணாடிக்கு முன்னால் நின்று முகத்தில் பரு தேடுகிறானாம். ஒரு பரு கிடைத்து, அதை ஹாஜியாரிடம் காட்டி லீவு கேட்டானாம். "அது மொகப்பரு, போய் சேர்ட்ட மடி எண்டு சொல்லிட்டார்" என்றார். படுத்தபடியே சிரித்தேன். சிரித்தால் அடிவயிறு வலித்தது.

எங்கள் வீடு அம்பிட்டியப் பக்கம் மலைச்சரிவில் இருக்கிறது. வாகனம் ரோட்டோடு சரி, மிச்சத்துக்குப் படியேற வேண்டும். மழை விட்டிருந்த ஒரு பின்னேரம், ஹயர் ஓடி முடித்து வந்த என் வீட்டுக்காரர் படிகளில் ஓடி வந்தார்.

"வேன் வந்திருக்கு. கீழ பார்க் பண்றாங்க."

"அம்மைன்னு சொல்லியுமா?"

"இப்ப என்னா செய்ய? வாசல்ல வேப்பில இல்லையே."

வேப்பிலை கட்ட வேண்டும் என்பது எங்கள் இருவருக்கும் தோன்றவே இல்லை. பொய் சொன்னோமே தவிர அதைப் பராமரிக்கவில்லை. இந்தக் கண்டிக் குளிரில் அவசரத்துக்கு வேப்பமரத்தை எங்கே தேடுவது? ஆடி மாதமென்றாலாவது கோயிலடியில் வாங்கலாம். அவர் சுற்றிப் பார்த்தார். பக்கத்து வீட்டு வேலியோரம் கறிவேப்பிலை மரம் ஒன்று தழைத்து நின்றது. ஒரு கொப்பை முறித்துக் கொண்டுவந்து நிலையில் செருகினார். தூரத்திலிருந்து பார்த்தால் வேப்பிலைதான் என்று தனக்குத் தானே சொல்லிக்கொண்டார். நான் உள்ளறைக்கு ஓடி, தலையோடு போர்த்திக்கொண்டு ஜன்னல் திரையின் இடைவெளியால் பார்த்தேன்.

ஹாஜியார் படியில் நின்று நின்று மூச்சு வாங்கி ஏறி வந்தார். பின்னால் ராத்தா. வேறு யாரும் இல்லை. ஹாஜியார் கையில் இளநீர்க் குலை, ராத்தா கையில் உண்மையான வேப்பிலைக் கட்டு.

"உள்ளுக்கு வரல்ல மகள். ஒங்கட மொற எனக்குத் தெரியும்" என்று ஹாஜியார் வாசலில் நின்றபடியே உரத்துச் சொன்னார். "எனக்குச் சின்னதுல வந்து போன நோய், திரும்ப வராது. இங்க வேப்பில கெடைக்காதே எண்டு மாத்தளப் பக்கம் இருந்து எடுப்பிச்சன்."

பிறகு நிலையை அண்ணாந்து பார்த்தார். மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார்.

"இது கறிவேப்பில தானே?"

"அவசரத்துக்கு அதுதாங்க கெடைச்சிச்சி" என்றார் என் வீட்டுக்காரர். அவருக்கும் பொய்க்கும் தூரம்.

ஹாஜியார் சிரிக்க வாயெடுத்தார். அந்த நேரம் பார்த்துக் குசினியில் அம்மா நல்லெண்ணெயில் பூண்டைப் போட்டார். அதன்மேல் மிளகும் கருவாடும். பிள்ளை பெற்றவளுக்கு வைக்கிற மருந்துக் குழம்பு. வயிறு கலைந்தவளுக்கும் அதுதான். அந்த மணம் வீட்டைத் தாண்டி வாசலுக்குப் போனது. அம்மை போட்ட வீட்டில் ஒரு கடுகு கூட வெடிக்காது. இது ஹாஜியாருக்கும் தெரியும், ராத்தாவுக்கும் தெரியும். பூண்டு மணம் எதற்கு என்பதும் தெரியும். முஸ்லிம் வீடுகளிலும் பிள்ளை பெற்றவளுக்கு இதே மணம்தான். ஹாஜியார் ஐந்து பிள்ளைகளின் வாப்பா.

அவர் சிரிப்பு பாதியில் நின்றது. இளநீர்க் குலையை ஓசைப்படாமல் கீழே வைத்தார். என் வீட்டுக்காரரின் முகத்தைப் பார்த்தார். அங்கேயே நின்று கைகளை ஏந்தி, உதடு மட்டும் அசைய எதையோ ஓதினார். பிறகு சுவரைப் பிடித்துக்கொண்டு படியிறங்கத் தொடங்கினார்.

ராத்தா மட்டும் ஜன்னலடிக்கு வந்தார். திரையை விலக்கவில்லை. கம்பியில் கையை வைத்துக்கொண்டு மெல்லச் சொன்னார்.

"தங்கச்சி, பச்சத் தண்ணில கை வெக்காத. காதப் பொத்திக் கட்டிக்க."

அம்மை கண்டவளுக்கு ஒருவரும் அப்படிப் புத்தி சொல்லமாட்டார்கள். அது பிள்ளை பெற்றவளுக்குச் சொல்வது. நான் போர்வையைக் கடித்துக்கொண்டு கிடந்தேன்.

அவர்கள் போனதும் அம்மாவிடம் பாய்ந்தேன். "அம்மை வீட்ல யாராச்சும் தாளிப்பாங்களா?"

"ஒனக்கு அம்மையா?" அம்மா கரண்டியோடு வந்து நின்றார். "ஒனக்கு வயித்துப் புண்ணு ஆற வேணாமா? ஒம் பொய்யக் காப்பாத்தவா, ஒன்னையக் காப்பாத்தவா?"

உட்கார்ந்து குழம்பைச் சாப்பிட்டேன்.

அடுத்த நாள் ராத்தா மறுபடி ஃபோன் எடுத்தார். கடையில் யாருக்கும் ஒன்றும் தெரியாது, எல்லாரும் இன்னும் சொறிந்துகொண்டுதான் இருக்கிறார்கள் என்றார். பிறகு கொஞ்சம் தயங்கினார்.

"ஹாஜியார் ஒண்டு கேக்கச் சொன்னார். கருமாதி எப்பண்டு."

எனக்கு முதலில் விளங்கவில்லை. விளங்கியதும் எழுந்து உட்கார்ந்தேன். ஆஸ்பத்திரியில், வீட்டில், யாருமே அதை ஒரு சாவு என்று சொல்லவில்லை. இன்னொன்று உண்டாகும் என்றார்கள். உடம்பைத் தேற்று என்றார்கள். நானே நோய் என்றுதான் லீவு எடுத்திருந்தேன்.

"இதுக்கெல்லாம் எங்க ஆளுகள்ல கருமாதி செய்ய மாட்டாங்க ராத்தா."

"நானும் அதத்தான் சொன்னன். செய்யிறதும் செய்யாததும் அவங்கட விருப்பம், நாள மட்டும் கேளுங்க எண்டார்."

எண்ணிப் பார்த்து நாளைச் சொன்னேன்.

மெடிக்கல் முடிந்து கடைக்குப் போன அன்று எல்லாரும் என் முகத்தைச் சுற்றி நின்று ஆராய்ந்தார்கள். "அக்கா, ஒரு தழும்பு கூட இல்லையே. என்னா கிரீம் போட்டீங்க?" என்று சேல்ஸ்மன் கேட்டான். நான் பதில் தேடுவதற்குள் காசாளர் மேசையிலிருந்து ஹாஜியாரின் குரல் வந்தது.

"அங்க சேர்ட்டெல்லாம் கலஞ்சு கெடக்கு. லோயர வேல செய்ய விடு."

அவ்வளவுதான். அவர் என்னிடம் ஒரு வார்த்தை விசாரிக்கவில்லை. உரிமை என்றால் காரணம் கேட்காமல் தருவது என்று நான்தான் கடை முழுக்கக் கேட்கும்படி வாதாடியவள். அவர் காரணம் தெரிந்துகொண்டே கேட்காமல் இருந்தார். அப்படி ஒன்று சட்டத்தில் எந்தப் பகுதியிலும் நான் படித்ததில்லை.

பதினாறாம் நாள் வந்தது. நான் கேட்காமலேயே ஹாஜியார் அன்றைக்கு லீவு தந்திருந்தார். அம்மா தோட்டத்துக்குத் திரும்பிப் போயிருந்தார். காலையில் த்ரீவீலை எடுத்துக்கொண்டு போன என் வீட்டுக்காரர், கொஞ்ச நேரத்திலேயே திரும்பி வந்தார்.

"ஏங்க, ஹயர் இல்லையா?"

"இருந்திச்சி. லீவு போட்டுட்டேன்" என்றார். அவர் தனக்குத் தானே கொடுத்த முதல் லீவு அது.

என்ன செய்வதென்று இருவருக்கும் தெரியவில்லை. கருமாதிக்குப் படம் வைப்பார்கள். எங்களிடம் படம் இல்லை. பெயர் சொல்லிக் கும்பிடுவார்கள். பெயரும் இல்லை. சாமித்தட்டில் ஒரு விளக்கை ஏற்றி வைத்தேன். அவர் பக்கத்தில் வந்து நின்றார். சோறு வடித்து, இரண்டு பேரும் சாப்பிட்டோம்.

பின்னேரம் வாசலைக் கூட்டினேன். ஏனென்று தெரியாமலேயே அலுமாரியிலிருந்த நல்ல கோப்பைகளை எடுத்துக் கழுவிக் கவிழ்த்தேன். கீழே ரோட்டில் வாகனச் சத்தம் கேட்கும்போதெல்லாம் எட்டிப் பார்த்தேன். வேன் வரக்கூடாது என்று மாரியம்மாவையே பொய்க்கு இழுத்தவள், அன்றைக்கு வேன் வராமல் போய்விடுமோ என்று பயந்துகொண்டிருந்தேன்.

கடை பூட்டுகிற நேரம் தாண்டிக் கொஞ்சத்தில் வந்தது. படியில் நின்று நின்று வாங்குகிற அந்த மூச்சு எனக்குத் தெரியும். ஹாஜியாரும் ராத்தாவும் மட்டும்தான். இந்த முறை ஹாஜியார் வாசலில் நிற்கவில்லை. உள்ளே வந்து கதிரையில் உட்கார்ந்தார். கைகளை ஏந்தி ஓதினார். ராத்தா என் கையைப் பிடித்துக்கொண்டார். எதற்குப் பயந்திருந்தேனோ அது நடந்தது. நான் உடைந்து அழுதேன், சத்தம் போட்டு அழுதேன். யாரும் அழாதே என்று சொல்லவில்லை.

போதும் போதுமென்று அழுது முடித்துக் கண்ணைத் துடைத்தபோது, ஹாஜியார் கொண்டுவந்த பை மேசையில் இருந்தது. திறந்து பார்த்தேன். சீனியும் தேயிலையும்.

பை மாறவில்லை. நான் குசினிக்குப் போய்த் தண்ணீரைக் கொதிக்க வைத்து, அந்தத் தேயிலையைப் பிரித்து, வந்தவர்களுக்குத் தேத்தண்ணி ஊற்றினேன்.